உன் கதையை அத்தை சொன்னாள்

அன்புள்ள மாப்ளே,

இங்கே எல்லோரும் நலம். தங்கச்சிக்கும் பிள்ளைகளுக்கும் எங்கள் அன்பு. பெரியவருக்குக் கண் ஆப்பரேஷன் நல்லபடியாக முடிந்தது. இப்போது தூரத்தில் வருகிற பஸ்ஸின் போர்டையே படிக்கிறார் என்று சோடாபுட்டியிடம் சொல், சந்தோஷப்படுவான். சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

அண்ணன் தம்பியைப் பற்றி நீ எழுதி அனுப்பிய கிணற்றுக் கதையை எங்கள் பெரிய அத்தைக்கு வாசித்துக் காட்டினேன். நாலைந்து பெண்கள் முற்றத்தில் உட்கார்ந்து மிளகாய் வத்தலுக்குக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தார்கள். நெடியில் ஆளுக்கொரு தும்மல், நடுநடுவே உன் கதை. முதல் பக்கம் முழுக்க அந்தி வானத்தை வருணித்திருக்கிறாய் அல்லவா, அது முடியும்வரை அத்தை பொறுமையாக இருந்தாள். அப்புறம் கேட்டாள்: "வானம் கெடக்கட்டும், யாரு வீட்டுக் கெணறு அது? மூத்தவன் பொண்டாட்டி எந்த ஊர்க்காரி?" கதையில் அது இல்லை என்றேன். "அது தெரியாம, அவன் ஏன் கயித்த அறுத்தான்னு எப்படித் தெரியும்?" என்றாள். இதற்கு உன்னிடம் பதில் உண்டா?

அத்தோடு போயிருந்தால் இத்தனை அவசரமாக எழுதியிருக்க மாட்டேன். போன வாரம் கரண்ட் போன ஒரு ராத்திரி, தெருப் பிள்ளைகளைக் கூட்டி வைத்துக்கொண்டு அத்தை உன் கதையைச் சொன்னாள். நான் தள்ளிக் கட்டிலில் படுத்துக் கேட்டேன். வானம் இல்லை. மூத்தவன் பொண்டாட்டிக்கு ஊர் வந்திருந்தது. "தெக்க ஆத்தோரத்துக்காரி, தண்ணிக்குள்ளயே வளந்தவ." கரிசலில் வாக்கப்பட்டு ஒரு குடம் தண்ணீருக்குக் காத்துக் கிடக்கிறவளின் ஆத்திரம் அந்த ஒரு வரியில் விளங்கிவிட்டது. நீ அதற்கு மூன்று பக்கம் மனப்போராட்டம் எழுதியிருக்கிறாய்.

அப்புறம் அந்தக் கயிறு. தம்பி கயிறு கேட்டு அண்ணன் வாசலுக்கு மூன்று தடவை நடக்கிறான். முதல் தடவை, "அண்ணே, கயிறு வேணும்ணே." இரண்டாம் தடவை, "அண்ணே, கயிறு." மூன்றாம் தடவை வெறும் "கயிறு." அதற்குள் பிள்ளைகளும் சேர்ந்து சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள். இருட்டில் பத்துப் பன்னிரண்டு குரல் ஒன்றாக "கயிறு" என்றபோது எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது, மாப்ளே.

உன் முடிவையும் அவள் ஏற்கவில்லை. அண்ணன் கிணற்றுக்குள் எட்டிப் பார்ப்பதோடு நீ நிறுத்திவிட்டாய். அத்தை கிணறு யாருக்குப் போயிற்று, மூத்தவள் பிறந்த வீட்டுக்குத் திரும்பினாளா, செவலைக் காளையை யார் ஓட்டிப் போனார்கள் என்று எல்லாம் சொன்னாள். ஒரு பொடியன் நாயைப் பற்றிக் கேட்டான். நாய்க்கும் ஒரு வழி பண்ணிவிட்டுத்தான் எழுந்தாள்.

உரையாடலைப் பேச்சுத் தமிழில் எழுதிவிட்டால் கதைக்கு ஊர் மணம் வந்துவிடும் என்று நீ ஹாஸ்டல் நாளிலிருந்து சாதிக்கிறாய். நான் இன்றைக்கும் ஒத்துக்கொள்ள மாட்டேன். உன் பாத்திரங்கள் ஊர்க்காரர்களாகப் பேசுகிறார்கள், கதை சொல்கிறவன் மட்டும் பஸ்ஸில் வந்து இறங்கியவனாக இருக்கிறான். கரிசல் எழுத்தாளர் கி. ராஜநாராயணன், நம் கி.ரா.விடம் அந்தப் பிளவே கிடையாது. 'கதவு' கதையை மறுபடி எடுத்துப் பார். எடுத்த எடுப்பில் பிள்ளைகள் கதவில் ஏறி பஸ் விளையாடுகிறார்கள். வீட்டில் என்ன இருக்கிறது, என்ன இல்லை என்பதெல்லாம் அந்தக் கதவைச் சுற்றியே வந்துவிடுகிறது. தீர்வை பாக்கிக்குக் கதவைக் கழற்றிக்கொண்டு போகிறபோது ஒரு கனத்த வார்த்தை கிடையாது. பக்கத்தில் உட்கார்ந்து சொல்கிறவருக்கு அது தேவைப்படவில்லை.

அதற்காக அத்தை சொன்னதை அப்படியே எழுதிவிடலாம் என்றும் நினைக்காதே. செல்போனில் பதிந்து, ஒரு வரி விடாமல் எழுதிப் பார்த்தேன். தாளில் மூன்று "கயிறு"ம் சவமாகக் கிடக்கின்றன, ஏனென்றால் பிள்ளைகள் அங்கே இல்லை. உம் கொட்ட ஆள் இல்லாமல் கதை ஓடாது. "கதைக்கு உம், படைக்கு முரசு" என்கிற பொருளில் ராஜஸ்தானில் ஒரு பழமொழியே இருக்கிறது. அங்கே போருந்தா கிராமத்து விஜய்தான் தேத்தா, ஊரார் சொன்ன கதைகளை ராஜஸ்தானி மொழியிலேயே 14 தொகுதிகளாக எழுதினார். அவரும் காதில் விழுந்ததை அப்படியே இறக்கிவைக்கவில்லை, தம் கைப்பட வளர்த்து எழுதினார். கி.ரா. தொகுப்பதையும் எழுதுவதையும் தனித்தனியாகச் செய்தார். நாட்டுப்புறக் கதைகளைத் தேடித் தொகுத்தார், கரிசல் சொற்களுக்கு அகராதி போட்டார், தம் சிறுகதையில் உம் கொட்டுகிறவனை வாக்கியத்துக்குள்ளேயே உட்கார்த்தி வைத்தார். வாசிக்கும்போது நம்மை அறியாமல் தலை ஆடுகிறதே, அது அதனால்தான்.

நீ உடனே எழுத்தாளர் கு. அழகிரிசாமியைக் கொண்டு வருவாய், தெரியும். கி.ரா.வின் அதே இடைசெவல் கிராமம், பால்ய சிநேகிதர்கள், ஆனால் அவர் நடை சத்தமே இல்லாத எழுத்து நடை. உண்மைதான். ஆனால் 'ராஜா வந்திருக்கிறார்' கதையில் பிள்ளைகள் போட்டி போட்டுப் பேசுவதைக் கேள். ஒரு பேச்சை இன்னொன்று பிடித்து இழுத்துக்கொண்டு போகிற அந்தப் போக்கு திண்ணையில் கேட்டதுதான். ஆக, நடை எதுவானாலும் காது வேண்டும். உன் காது நல்ல காது. உங்கள் ஆச்சியிடம் கதை கேட்டு வளர்ந்தவன் நீ. அதை எங்கே வைத்துவிட்டு எழுத உட்காருகிறாய் என்பதுதான் என் வருத்தம்.

இன்னொரு வருத்தமும் உண்டு. கரண்ட் இருந்திருந்தால் அந்தப் பிள்ளைகளில் ஒன்றுகூட வந்திருக்காது. அத்தைக்கு மூச்சு வாங்குகிறது, ஒரே மூச்சில் நீளமாகச் சொல்ல முடியவில்லை. அவளிடம் இருக்கிற கதைகளை ஆள் வைத்துக் கேட்க வேண்டும், போன் வைத்து அல்ல. கேட்கிற ஆளைப் பார்த்துத்தான் அவளுக்குக் கதை வருகிறது. முந்தாநாள் நான் ஒருவனாகப் போய் உட்கார்ந்தேன், பாதியில் விட்டுவிட்டாள்.

சித்திரைக் கோயில் கொடைக்குப் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வா, நாலு நாள் இருக்கிற மாதிரி. அதுவரை கிணற்றுக் கதையை எந்தப் பத்திரிகைக்கும் அனுப்பாதே. மூத்தவள் ஊர் எது என்பதை மட்டும் யோசித்து வை, அத்தை கட்டாயம் கேட்பாள். லீவு கிடைத்ததா என்று உடனே எழுது.

அன்புடன்,
உன் மாப்ளே