கேள்வியில் ஜெயித்தேன், அறை போய்விட்டது

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற ஞாயிறு சட்டப் பகுதியில், சொத்து வழக்கில் கீழே இரண்டு கோர்ட்டிலும் தோற்ற வாசகர் ஒருவருக்குத் தங்கள் வழக்கறிஞர், “கவலை வேண்டாம், உயர் நீதிமன்றம் எல்லாவற்றையும் முதலிலிருந்து ஆராயும்” என்று ஆறுதல் சொல்லியிருக்கிறார். எனக்குக் காலைப் பலகாரம் இறங்கவில்லை.

ஆராயாது, ஐயா. அவருக்கு மிச்சமிருப்பது இரண்டாம் மேல்முறையீடு. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 100-ஆவது பிரிவை 1976-இல் திருத்தியதிலிருந்து, முக்கியமான சட்டக் கேள்வி ஒன்று இருந்தால்தான் அந்தக் கதவு திறக்கும். கேள்வியை நீதிமன்றமே வகுத்து எழுதும். வாதம் அதன் மேல்தான். வேறு கேள்வி தட்டுப்பட்டால் காரணம் எழுதிவைத்துக் கேட்கலாம், அதுவும் சட்டக் கேள்வியாக இருந்தால். எந்தச் சாட்சி பொய் சொன்னான், சொத்து எவர் அனுபவத்தில், அதாவது கைவசத்தில், இருந்தது என்பதெல்லாம் பெரும்பாலும் முதல் மேல்முறையீட்டோடு முடிந்துவிடும். இது தங்களுக்குத் தெரியாததா?

எங்கள் பூர்வீக வீட்டு வளவில் ஓர் அறைக்காகப் பங்காளியோடு பதினேழு வருடம் வழக்காடியவன் நான். (வழக்குகள் இழுபடக் கூடாது என்றுதான் சட்டத்தைத் திருத்தினார்களாம்.) ஐயா காலத்தில் சொத்தைப் பிரித்து எழுதிக்கொண்ட பாகச் சீட்டு என்னிடம் இருந்தது, பதிவு செய்யாதது. கீழே அதை ஒதுக்கிவிட்டார்கள். மேலே ஒரே கேள்வி எழுதினார்கள்: பதிவாகாத சீட்டை எதற்குமே பார்க்கக் கூடாதா? விடை எனக்குச் சாதகம். பாகம் பிரிந்ததற்கு அது ஆதாரமாகாது. யார் எப்படி அனுபவித்தார் என்பதற்குப் பார்க்கலாம் என்றார்கள். பிள்ளையாருக்குத் தேங்காய் சொல்லி ஊருக்குப் போன் செய்துவிட்டேன். வக்கீல் அடுத்த பக்கத்தைப் படித்தார். சீட்டைப் பார்த்தாலும் அறை என் அனுபவத்தில் இருந்ததாகச் சாட்சியம் இல்லை என்று கீழே இருவரும் சொன்னது உண்மை பற்றிய முடிவு, அதில் தலையிட முடியாது, மேல்முறையீடு தள்ளுபடி.

அந்த அறைச் சாவி நாற்பது வருடம் என் ஆத்தாவின் இடுப்புக் கொத்தில் தொங்கியது. சாவிக்கொத்து சட்டக் கேள்வி ஆகாது, சரிதான். நீதிபதி மேல் எனக்கு வருத்தமில்லை. சட்டம் போட்ட வேலிக்குள் நின்று சொன்னார். கூண்டில் நான் நின்றபோதே சாவியைப் பற்றிக் கேளுங்கள் என்று அன்றைய வக்கீலிடம் கெஞ்சினேன். “மேலே பார்த்துக்கொள்ளலாம்” என்றார். அதே வாக்கியத்தைத்தான் இப்போது தாங்கள் அச்சடித்து ஊர் ஊராக அனுப்பியிருக்கிறீர்கள்.

சாட்சியமே இல்லாமல் எழுதிய தீர்ப்பு என்றால் தலையிடலாம் என்று விலக்கு இருப்பதும் அறிவேன். விலக்கை நம்பி நகையை அடகு வைத்தவனும் நான்தான்.

தங்கள் பத்திரிகைக்குத் திருத்தம் எழுதுவது எனக்குப் புதிதல்ல. பொங்கல் மலரில் ஆத்தங்குடிக் கல்லைச் சலவைக்கல் என்றீர்கள். கண்ணாடி மேல் சிமெண்டும் மணலும் வார்க்கிற கல் அது என்று கடிதம் போட்டேன், தாங்கள் போடவில்லை. அதற்கு முந்திய வருடம் “செட்டிநாட்டுப் பெருமை” என்று தலைப்பு, உள்ளே நான்கு பக்கமும் கோழி வறுவல். அதற்கும் எழுதினேன். குப்பைக்கூடைக்கு என் கையெழுத்து பழகியிருக்கும்.

இந்த முறை இரண்டே வரி போதும். வழக்கு இன்னும் கீழே நடக்கிறவர்கள் சாட்சி, பத்திரம் அத்தனையையும் அங்கேயும் முதல் மேல்முறையீட்டிலும் வாதாடித் தீர்க்கட்டும் என்று ஒரு வரி. அந்த வாசகர் தீர்ப்பில் சட்டப் பிழை உண்டா என்று பார்க்கிற வக்கீலைத் தேடட்டும் என்று இன்னொன்று. மேல்முறையீடு செய்ய அவருக்குக் கெடு 90 நாள். அதில் எத்தனை போயிற்றோ தெரியாது. ஆகவே வரும் ஞாயிறே, அதே பக்கத்தில் போடுங்கள். டெண்டர் விளம்பரத்துக்கு அடியில் வேண்டாம்.

இப்படிக்கு,
நெடுநாள் சந்தாதாரர்,
காரைக்குடி வட்டம்