எந்தப் பதிப்பு என்று அட்டையில் போடுங்கள்: டிவிடி நிறுவனங்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய நிறுவனத்தாருக்கு,

வணக்கம். தாய்லாந்துச் சண்டைப் படங்களை டிவிடியாகவும் புளூரேயாகவும் வெளியிடும் உங்களிடம் ஒன்றே ஒன்று கேட்கத்தான் இந்த மடல். உள்ளே இருப்பது மூலப் பதிப்பா, வெட்டிய பதிப்பா என்பதை அட்டையின் பின்புறம் அச்சிடுங்கள்.

அண்மையில் நான் வாங்கிய வட்டின் அட்டையில் நாயகன் முழங்காலை உயர்த்திப் பாயும் படம் பெரிதாக இருந்தது. எத்தனை நிமிடம், எந்த மொழி ஒலி என்ற விவரம் எதுவும் இல்லை. கடைக்காரருக்கும் தெரியவில்லை. உறையைக் கிழித்துப் போட்டுப் பார்த்தால் ஆங்கில டப்பிங் மட்டும்தான். சப்டைட்டிலும் அந்த டப்பிங்கைப் பார்த்து எழுதியது. ஊர்ப் பெரியவர் நீளமாகப் பேசுகிறார், கீழே ஒரு வரி வந்து மறைந்துவிடுகிறது. நடுவில் ஒரு பெண் இறந்துகிடக்கிறாள், நாயகன் கதறுகிறான். அவள் யார் என்று படத்தில் எங்குமே இல்லை. அவள் வரும் காட்சிகளை வெட்டியிருக்கிறார்கள். திருப்பிக் கொடுக்கப் போனால், உறை பிரித்ததை வாங்க மாட்டோம் என்கிறார்கள். வெளியிட்டவர்களுக்கு எழுதினேன். அட்டையில் உள்ள விவரங்களைப் பார்த்து வாங்கவும் என்று பதில் வந்தது. அட்டையில் விவரம் இல்லை என்பதுதானே ஐயா என் புகாரே?

இது உங்களுக்குத் தெரியாத சங்கதி அல்ல. 2005இல் வந்த ‘டாம் யம் கூங்’ ஏறத்தாழ 110 நிமிடப் படம். மறு ஆண்டு அமெரிக்காவில் ‘தி புரொடெக்டர்’ என்று வந்தபோது ஏறத்தாழ 84 நிமிடமாகச் சுருங்கியது, இசையும் மாறியது. பிரிட்டனில் அதற்கே ‘வாரியர் கிங்’ என்று பெயர். களவுபோன யானைகளைத் தேடி ஒருவன் சிட்னிக்குப் போகும் கதை அது. நாயகனாக நடித்த டோனி ஜா, யானைகளுக்குப் பேர்போன சூரின் மாகாணத்தில் யானை வளர்த்த குடும்பத்துப் பிள்ளை. உணவகத்தின் மாடிகளில் ஏறிக்கொண்டே அவர் போடும் நான்கு நிமிடச் சண்டை ஒரே ஷாட். அவன் எதற்காக அடிக்கிறான் என்பது மனதில் பதிந்திருந்தால்தான் அந்தச் சண்டை நம்மை உலுக்கும்.

அந்தச் சண்டைகளை வகுத்த பன்னா ரிட்டிக்ராய் 2014இல் காலமாகிவிட்டார். அவர் வகுத்த ‘சாக்லேட்’ (2008) படத்தின் முடிவில், ஸ்டன்ட் கலைஞர்கள் அடிபட்டுக் கிடப்பதைக் காட்டுவார்கள். அப்படி உடம்பைக் கொடுத்து எடுக்கும் படங்களை, பார்ப்பவனுக்குப் பொறுமை இருக்காது என்று நீங்களே முடிவுகட்டிக் கத்தரிக்கிறீர்கள். ஆசியப் படமென்றால் அடிதடி மட்டும் போதும், அழுகையும் பாசமும் வேண்டாம் என்று உங்களிடம் யார் கேட்டது?

தாய்லாந்திலிருந்தே வரவழைத்துக்கொள் என்பீர்கள். டிவிடிகளுக்கு ‘ரீஜன்’ என்ற வட்டாரக் குறியீடு உண்டு, அங்கே ரீஜன் 3, இந்தியாவுக்கு ரீஜன் 5. குறியீடு பொருந்தாத வட்டு இங்குள்ள பல பிளேயர்களில் ஓடாது. அங்கு விற்கும் வட்டுகள் பலவற்றில் ஆங்கில சப்டைட்டிலும் இராது.

சொல் தடித்திருந்தால் பொறுத்தருளுங்கள். வெட்டிய பதிப்பை விற்கவே கூடாது என்று நான் கேட்கவில்லை. ‘தி புரொடெக்டர்’ இரட்டை வட்டுப் பதிப்பில் மூலப் படமும் இருந்தது. ஆகவே இரண்டையும் தருவது முடியாத காரியம் அல்ல. அது இயலாவிட்டால், பதிப்பு, நிமிடம், ஒலி, சப்டைட்டில் இந்த நான்கையும் அடுத்த அச்சிலிருந்து அட்டையில் போடுங்கள். ஏற்கெனவே கடைகளில் இருப்பவற்றுக்கு ஒரு ஸ்டிக்கர் ஒட்டினாலும் போதும். பணிவோடு கேட்கிறேன்.

இப்படிக்கு,
தாய்லாந்துப் படங்களைக் காசு கொடுத்து வாங்கும் ஒரு ரசிகன்