முஸ்தபா பேர தமிழ்ல எழுதுனது திருட்டா?

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்,

பழைய வீடியோ கேம கம்ப்யூட்டர்ல போட்டு மாத்தி விளையாடுறவங்க எல்லாருமே திருடங்கங்கிற மாதிரி போன வாரம் உங்க பேப்பர்ல ஒரு கட்டுரை வந்துச்சு, படிச்சதுல இருந்து மனசு ஆறல, ஏன்னா ராத்திரி ராத்திரி உக்காந்து நானும் அந்த வேலையத்தான் செய்யிறேன்.

சின்ன வயசுல ஜங்ஷன் பக்கம் ஒரு அண்ணாச்சி கடைல காசு போட்டு விளையாடுற ஒத்த வீடியோ கேம் மெஷினு இருந்துச்சு. காசு தீந்தவன் பின்னால நின்னுக்கிட்டு "ஏல குதில, குதில"ன்னு கத்துவான். 1993ல கேப்காம் கம்பெனி விட்ட அந்த கேமோட நெசப் பேரு காடிலாக்ஸ் அண்ட் டைனோசார்ஸ்ங்கிறதே எனக்கு ரொம்ப வருசம் கழிச்சுதான் தெரியும், அதுல வர்ற ஒரு ஆளு பேரு முஸ்தபா, அதனால நமக்கு அது முஸ்தபா கேம்தான். இப்ப அந்த மெஷினும் இல்ல கடையும் இல்ல, 1997ல இத்தாலிக்காரர் நிக்கோலா சால்மோரியா ஆரம்பிச்ச மேம்ங்கிற எமுலேட்டர், அதாவது பழைய மெஷின் மாதிரியே கம்ப்யூட்டர நடிக்க வைக்கிற சாஃப்ட்வேர், இருக்கப்போயிதான் அது வீட்ல ஓடுது.

எங்க அக்கா மவன் விளையாடும்போது "மாமா, முஸ்தபா பேர தமிழ்ல போட முடியாதா"ன்னு கேட்டான். அதுல இறங்கினேன். ஸ்கிரீன்ல வர்ற சின்ன எழுத்து ஒவ்வொண்ணும் எட்டுக்கு எட்டு புள்ளிக் கட்டம், இங்கிலீஷ் எழுத்து அதுல சுளுவா ஒக்காந்துக்கிடும், நம்ம எழுத்துக்கு 'மு'வோட வளைவு கீழ எறங்கும், 'ஸ்' புள்ளி மேல நிக்கும், அந்த எட்டு புள்ளி உயரத்துக்குள்ள ரெண்டையும் அடக்க எனக்கு நாலு ராத்திரி ஆச்சு. ரோம்ல, அதாவது மெஷின் சிப்புல இருந்து எடுத்த கேம் ஃபைல்ல, ஒரு பைட்ட தொட்டாலே செக்சம், அதாவது ஃபைல் மாறலயான்னு சரிபாக்குற நம்பர், தப்புன்னு மேம் எச்சரிக்கும். அதையும் மீறி கேம் ஓடி, பேரு தமிழ்ல வந்தப்போ அந்தப் பய துள்ளுன துள்ளல நீங்க பாத்துருக்கணும்.

மிஸ் பேக்மேன் கேமே அப்படி வந்ததுதான் ஐயா. பேக்மேன காலேஜ் பசங்க மாத்தி வச்சிருந்தாங்க, அத அமெரிக்கால பேக்மேன வித்த மிட்வே கம்பெனியே வாங்கி 1982ல வெளியிட்டுச்சு.

திருட்டு நடக்கலன்னு நான் சொல்லல. ஆயிரம் கேமுன்னு பென்டிரைவ்ல ஏத்தி விக்கிறாங்க, ஒரு கடைல நானே பாத்தேன், எவனோ கண்ணு முழிச்சு மாத்துனத பேர அழிச்சிட்டு காசுக்கு குடுக்காங்க, வயிறு எரிஞ்சுது. நாங்க வெளிய குடுக்கிறது ஐபிஎஸ் பேட்ச்ங்கிற சின்ன ஃபைல் மட்டும்தான், மாத்துன பைட்டு எது எதுன்னு மட்டும் அதுல இருக்கும், கேம் அதுல இருக்காது. அடுத்த தடவ எழுதும்போது எங்களையும் அந்தக் கடைக்காரரையும் ஒரே வரில சேக்காதீங்க ஐயா.

இப்படிக்கு,
ஒரு வாசகன்,
பாளையங்கோட்டை