பந்தைத் தொடாதவர்களா?

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில், அமெரிக்கக் கால்பந்தின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுல் பற்றிய கட்டுரையில், 'பந்தைத் தொடவே தொடாத ஐந்து தடியர்களுக்கும் கோடிகளில் சம்பளம்' என்று ஒரு வரி. வாசகர்கள் சிரிப்பார்கள் என்று நினைத்து எழுதியிருப்பார் போல. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அந்த ஐவர், முன்வரிசையில் நின்று எதிராளிகளைத் தடுப்பவர்கள். அவர்களில் நடுவே நிற்பவர் சென்டர். அவர் குனிந்து, கால்களுக்கு இடையே பந்தைப் பின்னால் தந்தால்தான் ஆட்டமே நகரும். பந்தை எறியும் குவார்ட்டர்பேக்கிடம் போகும் முன்பே பந்து அவர் கையில்தான் இருக்கிறது. தங்களுக்குத் தெரியாததல்ல, இருந்தும் அச்சேறிவிட்டது. கூடப் போட்ட படத்தில் ஒருவர் தலையிலும் ஹெல்மெட் இல்லை. அது ரக்பி ஐயா.

நான் மினசோட்டாவில் இருப்பவன். எங்கள் வைக்கிங்ஸ் அணியில் ஜோ பெர்கர் என்று ஒருவர் ஆடினார். பனி கொட்டும் ஹோட்டன் ஊரில் இருக்கும் மிஷிகன் டெக்கில் மெக்கானிக்கல் படித்தவர். பெரிய ஆட்டக்காரர்கள் வரும் கல்லூரி அல்ல அது. 2005இல், புது ஆட்டக்காரர்களை அணிகள் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில், கரோலினா அணி ஆறாவது சுற்றில் எடுத்தது, சீசன் தொடங்கும் முன்பே கழற்றிவிட்டது. அப்புறம் மயாமி, டல்லஸ், மறுபடி மயாமி, 2011இல் மினசோட்டா. இங்கேயும் பல வருடம் மாற்று ஆள்தான். சென்டருக்குப் பக்கத்தில் நிற்கும் கார்டு, இல்லையென்றால் சென்டர், எந்த இடம் காலியோ அங்கே. 2015இல் வழக்கமான சென்டர் முதுகு வலியால் ஒதுங்க, 16 ஆட்டங்களிலும் இவர்தான் பந்தைக் கொடுத்தார். அந்த வருடம் அணியின் ஏட்ரியன் பீட்டர்சன் பந்தோடு 1,485 கஜம் ஓடி, என்.எஃப்.எல். என்ற தொழில்முறை லீகிலேயே முதலிடம். பீட்டர்சனை எல்லாருக்கும் தெரியும். அவர் ஓட வழி திறந்துவிட்டவரை? 35 வயதில், 13 சீசன் முடித்து, 2018இல் சத்தமில்லாமல் ஓய்வு பெற்றார்.

சம்பளக் கணக்குப் பார்த்த உங்கள் கட்டுரையாளர், அதில் கணிசமான பகுதிக்கு உத்தரவாதம் கிடையாது என்பதைச் சொல்லவில்லை. இன்று அணியில் இருப்பவர் நாளை வீட்டில். மைக் வெப்ஸ்டரையும் சொல்லவில்லை. பிட்ஸ்பர்க்குக்கு நான்கு சூப்பர் பவுல் வென்று தந்த சென்டர், தலையில் திரும்பத் திரும்ப அடிபட்டதால் வரும் சி.டி.இ. என்ற நோயில் மூளை சிதைந்து, 50 வயதில் மாரடைப்பில் இறந்தார். 2017இல் வெளியான ஆய்வில், குடும்பத்தார் தானமாகக் கொடுத்த 111 என்.எஃப்.எல். ஆட்டக்காரர்களின் மூளைகளில் 110இல் அதே நோய் இருந்தது. கோடிகளைக் கூட்டும்போது இதையும் கொஞ்சம் கழித்திருக்கலாம்.

என் மகன் பள்ளி அணியில் கார்டு. ஆட்டம் முடிந்து வரும்போது விரல்களில் சுற்றிய டேப்பை அவனால் பிரிக்க முடியாது. அவன் அம்மா கத்தரிக்கோலால் வெட்டி எடுப்பாள். போன சீசன் முழுக்க ஒலிபெருக்கியில் அவன் பெயர் வந்தது, எதிராளியைப் பிடித்தது தவறு என்று நடுவர் மஞ்சள் துணியை வீசியபோது மட்டும்தான். நன்றாக ஆடினால் பெயரே வராத இடம் அது. உங்கள் இதழைக் காட்டி, "அப்பா, என்னைப் பற்றிப் போட்டிருக்கிறார்களா?" என்று கேட்டான். தமிழ் படிக்கத் தெரியாது என்பதால் தப்பித்தேன்.

உங்களைச் சொல்லியும் குற்றமில்லை. கிரிக்கெட் வீரர் வீட்டுக் கல்யாணத்துக்கு நாலு பக்கம். கபடிக்கு ஒரு மூலை. அதைப் பற்றி நான் முன்பு எழுதிய கடிதத்தில் பாதியை வெட்டிவிட்டு, மீதியை 'வாசகர் பாராட்டு' என்று போட்டீர்கள். பெருந்தன்மைக்கு நன்றி.

இப்போது கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. சென்டர் பந்தைத் தொடுவார் என்று இரண்டு வரித் திருத்தம், இடமிருந்தால் சரியான படம். ஜனவரி இதழ் எனக்கு இன்னும் வந்து சேரவில்லை. சந்தாப் பிரிவில் அதையும் சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
நீண்டநாள் சந்தாதாரர்,
மினசோட்டா