கால் சத்தத்துக்குப் பின்னால் நின்றவர்களுக்கு

ஷூவில் உலோகத் தகடு பூட்டிக் காலாலேயே தாளம் தட்டும் டேப் டான்ஸை ஆடியும் சொல்லிக்கொடுத்தும் பிழைப்பவர்கள் சார்பில் எழுதும் நன்றி மடல் இது.

முதல் வணக்கம் தரை போட்ட தச்சர்களுக்கு. கான்கிரீட் மேல் நேராக ஒட்டிய பலகையில் ஆடினால் சத்தம் செத்துப்போகும். இறங்கும் அதிர்ச்சி முழுக்கக் கணுக்காலுக்கும் முழங்காலுக்கும் முதுகுக்கும் ஏறும். நீங்கள் மரச்சட்டம் அடுக்கி, அடியில் வெற்றிடம் விட்டு, மேலே மேப்பிள் அல்லது ஓக் பலகை இறக்கினீர்கள். மத்தளத்தின் வயிறு போல அந்த வெற்றிடம்தான் எங்களுக்கு ஒலி தருகிறது.

ஷூ தைப்பவர்களே, நுனியிலும் குதியிலும் தகடு பூட்டித் தருபவர்கள் நீங்கள். திருகு தளர்ந்தால் ஒரு தட்டு இரண்டாகக் கலகலக்கும். தலை வெளியே நீட்டினால் தரையைக் கிழிக்கும். கழற்றிக் கழற்றி மாட்டித் துளை பெரிதானால் திருகு நிற்காது. பசை தொட்ட மரச்சிம்பைத் துளைக்குள் திணித்து, காய்ந்ததும் முடுக்கிக் கொடுப்பீர்களே, அந்தக் கைப்பக்குவத்தால் எத்தனையோ ஷூ இன்னும் மேடையேறுகிறது.

ஒலி அமைப்பாளர்களுக்கும் நன்றி. மேலே தொங்கும் மைக்கில் வாத்தியம்தான் கேட்கும். தரையோடு படியும் மைக்கை நீங்கள் வைத்தபிறகே கால் பேசியது.

இந்த ஆட்டத்தைக் கையளித்த ஆப்பிரிக்க-அமெரிக்கப் பெரியவர்களுக்கு எவ்வளவு சொன்னாலும் போதாது. பில் ராபின்சன் முன்பாதத்தில் நின்று மணிபோலத் தெளிவாகத் தட்டினார். ஜான் பபிள்ஸ் குதியை இறக்கிக் கனத்த கீழ்ச்சத்தம் சேர்த்தார். லியோனார்ட் ரீடும் வில்லி பிரையன்ட்டும் 1920களில் அமைத்த ஷிம் ஷாம், இன்றும் ஆடுபவர்கள் எங்கே கூடினாலும் முன்பின் தெரியாதவர்களை ஒரே வரிசையில் நிறுத்துகிறது. எட்டு எட்டாக எண்ணும் தாளத்தில், ‘ஒன்று’க்கு முந்தைய எட்டாம் எண்ணிக்கையிலேயே எடுக்க வேண்டிய ஆட்டம் அது. புதியவர்கள் ‘ஒன்று’ வரட்டும் என்று காத்திருந்து பிந்திவிடுவார்கள். ராபின்சனின் பிறந்தநாளான மே 25, அமெரிக்காவில் 1989 முதல் டேப் நடன நாள். 1950களில் மேடை வாய்ப்பு வற்றியபோதும் அடவுகளை மறக்காமல் வைத்திருந்து, பின்னால் கேட்டு வந்தவர்களுக்கெல்லாம் கொடுத்த ஹோனி கோல்ஸ் போன்றவர்கள் இல்லாவிட்டால் கற்றுத்தர எங்களிடம் என்ன இருந்திருக்கும்?

வகுப்பில் பியானோ வாசிப்பவர்களே, ஷஃபிளை நூறாவது முறை கேட்கும்போதும் வேகம் கூட்டாமல் இருந்தீர்கள். முன்னே ஒரு தேய்ப்பு, பின்னே ஒரு தேய்ப்பு, இடையில் சம இடைவெளி: ஷஃபிள் அவ்வளவுதான். தொடையிலிருந்து உதைத்தால் கால் தூரம் போய், இரண்டாம் சத்தம் தாமதிக்கும். முழங்காலைச் சற்று மடக்கி, கணுக்காலைத் தளரவிட்டால் சரியாகும். நிதானமான தாளம் இருந்தால்தான் அந்தத் தாமதம் காதில் விழும்.

மாணவர்களே, உங்களுக்கும். கிராம்ப் ரோலில் வலது முன்பாதம், இடது முன்பாதம், வலது குதி, இடது குதி என நான்கு சத்தம் வர வேண்டும். எடை குதிக்குச் சீக்கிரம் சாய்ந்தால் கடைசி இரண்டும் ஒட்டிக்கொள்ளும். “மூன்றுதான் கேட்கிறது” என்று பக்கத்திலிருப்பவருக்குச் சொல்லும் உங்கள் காது எங்கள் பாதிச் சுமையைக் குறைக்கிறது.

கடைசியாக, கீழ்வீட்டுக்காரர்களே. பயிற்சிப் பலகைக்கு அடியில் தடித்த ரப்பர் விரித்தாலும் குதிச் சத்தம் கொஞ்சம் இறங்கத்தான் செய்கிறது. பொறுத்துக்கொண்டீர்கள். இருட்டிய பிறகு தகடில்லாத செருப்பில்தான் எண்ணிக்கை பார்க்கிறோம்.