இரண்டே வரிதானா?

ஆசிரியருக்கு,

ஞாயிறு இணைப்பில் அமெரிக்க கன்ட்ரி இசைப் பாடகர் ஜானி கேஷ் பற்றிய கட்டுரையைப் படித்தேன். முக்கால் பங்கு அவருடைய போதை மாத்திரைப் பழக்கத்துக்கே போய்விட்டது. 1994-இல் வந்த ‘அமெரிக்கன் ரெக்கார்டிங்ஸ்’ ஆல்பத்துக்குக் கிடைத்தது இரண்டே வரி!

கொலம்பியா இசைத்தட்டு நிறுவனம் 1986-இல் அவரைக் கைவிட்டது. கால் நூற்றாண்டுக்கு மேல் அங்கே பாடியவர் அவர். அதன்பின் அவரைத் தேடி வந்தவர், ராப், ஹெவி மெட்டல் இசைத்தட்டுகளைத் தயாரித்துப் பெயர் பெற்ற ரிக் ரூபின். ரூபினின் வீட்டு வரவேற்பறையிலும், டென்னசி மாநிலத்தில் கேஷின் மரக்குடிலிலும்தான் அந்த ஆல்பத்தின் பெரும்பாலான பாடல்கள் பதிவாயின. குரல், ஒரு கிடார், வேறொன்றுமில்லை. முதன்முறை கேட்டபோது என் டேப் ரெக்கார்டர்தான் பழுதாகிவிட்டதோ என்று நினைத்தேன். அறுபதைத் தாண்டிய குரலின் கரகரப்பை மறைக்க எந்த வாத்தியமும் இல்லை, மறைக்க அவர் விரும்பியதாகவும் தெரியவில்லை. அந்தத் துணிச்சலைப் பற்றியல்லவா கட்டுரையாளர் எழுதியிருக்க வேண்டும்? 1995-இல் அந்த ஆல்பத்துக்குக் கிராமி விருது கிடைத்ததையும் சொல்லவில்லை.

இன்னொன்று: கட்டுரை அவரை ‘திருந்திய குடிகாரர்’ போலச் சித்திரிக்கிறது. அவர் தவறுகளை அவரே தன்வரலாற்று நூல்களில் ஒளிக்காமல் எழுதியிருக்கிறார். நாம் புதிதாகத் தோண்டி எடுக்க அங்கே எதுவுமில்லை. 2002-இல், உடல்நலம் குன்றிய நிலையில், தன்னைவிட முப்பது வயதுக்கு மேல் இளையவரான ராக் இசைக்கலைஞர் டிரென்ட் ரெஸ்னரின் பாடலொன்றைப் பாடினார். அடுத்த ஆண்டே மறைந்தார். கட்டுரையாளர் அதையாவது ஒருமுறை கேட்டுப் பார்க்கட்டும், இரவில், விளக்கை அணைத்துவிட்டு.

– ஒரு வாசகர், கும்பகோணம்