எங்கள் திரைப்பட வட்டம்: 2024–25 செயலாளர் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர், பொருளாளர், செயற்குழுவினர் மற்றும் இன்று வந்திருக்கும் உறுப்பினர்களுக்கு வணக்கம். வராதவர்களுக்கு அறிக்கை தபாலில் போகும். தபால்தலைச் செலவும் வட்டத்தினுடையதுதான்.

ஆகஸ்டில் சிறுவர் படக்காட்சி நடந்தது. ஜனவரியில் பொங்கல் ஒன்றுகூடல். செயற்குழு ஐந்து முறை கூடியது. இரண்டு முறை கூட்டம் நடத்தத் தேவையான குறைந்தபட்ச ஆட்கள் சேரவில்லை.

ஆண்டின் முக்கியப் பணி, பிரிட்டிஷ் திரைக்கதையாளர் நைஜல் நீல் குறித்த ஆறு அமர்வுகள். லண்டனில் தமிழ்ப் படம் பார்க்கக் கூடிய வட்டத்துக்கு இவர் எதற்கு என்று செயற்குழுவிலேயே கேட்டார்கள். பதில் பதிவில் இருக்கட்டும்.

நீல் 1922இல் பாரோ-இன்-ஃபர்னஸில் பிறந்து, மான் தீவில் வளர்ந்தவர். சிறுகதைத் தொகுப்புக்காக 1950இல் சாமர்செட் மாம் விருது பெற்றார். பிறகு பிபிசியில் சம்பளத்துக்கு எழுதச் சேர்ந்தார். அவருடைய 'தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட்' என்ற ஆறு பகுதி அறிவியல் புனைவுத் தொடர் 1953 ஜூலை 18 முதல் ஆறு சனிக்கிழமைகள் அலெக்ஸாண்ட்ரா அரண்மனைக் கூடத்திலிருந்து நேரலையாக ஒளிபரப்பானது. நாயகனின் பெயரான குவாட்டர்மாஸ் லண்டன் தொலைபேசிப் புத்தகத்தில் எடுத்தது.

நேரலைக்கு எழுதுவது எப்படி என்பதுதான் முதல் இரண்டு அமர்வு. உறுப்பினர்கள் எழுதிய பத்து நிமிடக் கதையை வைத்து, மேசையில் நான்கு செட்டுகளைச் சாக்கட்டியால் வரைந்தோம். பாத்திரத்துக்கு ஒரு நாணயம் வைத்து, கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே நகர்த்தினோம். மூன்றாம் காட்சியிலேயே சிக்கியது. செவிலிப் பாத்திரம் மருத்துவமனையில் கடைசி வரியைப் பேசி முடிக்கிறார். அடுத்த வரியில் மழைக்கோட்டோடு காவல் நிலையத்தில் நிற்கவேண்டும். நடந்து போய் உடை மாற்ற நாற்பது விநாடியாவது ஆகும். அங்கே வெட்டு, ஒட்டு கிடையாது. அந்த நாற்பது விநாடியை எழுத்தாளர்தான் சம்பாதித்துக் கொடுக்கவேண்டும். காட்சியின் கடைசி வரிகளை வேறொரு பாத்திரத்துக்குத் தொலைபேசிப் பேச்சாகத் தரலாம். முன்பே எடுத்துவைத்த படத்துண்டை ஓட்டலாம். இல்லையென்றால் செய்தி அறிவிப்பாளரைப் பேசவைக்கலாம். நீல் இந்தக் கடைசி வழியைக் கதையாகவே ஆக்கிவிட்டார்: குவாட்டர்மாஸ் தொடரின் முடிவில் வெஸ்ட்மின்ஸ்டர் அபே தேவாலயத்தில் வேற்றுக்கிரக விலங்கு தென்படுவது, அங்கே நிகழ்ச்சி எடுக்கும் தொலைக்காட்சிக் குழுவின் கண்ணில்தான். அந்த விலங்கு, கையுறையில் செடிகொடி, தோல் துண்டுகள் ஒட்டியது. அபேயின் பெரிதாக்கிய புகைப்படத்தில் ஓட்டை போட்டு, அதன் வழியே கையை நீட்டி ஆட்டியவர் நீலேதான். பணம் இல்லாத வட்டங்கள் கவனிக்கவும்.

மூன்றாம் அமர்வில் இந்தத் தொடரின் முதல் இரண்டு பகுதிகளைத்தான் காட்ட முடிந்தது. 'மீதி நான்கை ஏன் வரவழைக்கவில்லை' என்று என்னிடம் கோபித்துக்கொண்டவர்களுக்கு: அவை உலகில் எங்கும் இல்லை. அன்று பதிவு என்றால், தொலைக்காட்சித் திரையின் முன்னால் படக்கேமராவை நிறுத்திப் பிடிப்பது. இரண்டாம் பகுதியில் திரைமேல் ஊர்ந்த பூச்சியும் பதிவாகியிருக்கிறது. தரம் பிடிக்காமல் அத்தோடு நிறுத்திவிட்டார்கள்.

நான்காவது, ஜார்ஜ் ஆர்வெல்லின் '1984' நாவலை நீல் பிபிசிக்காக நாடகமாக்கிய தழுவல். இயக்கம் ருடால்ஃப் கார்ட்டியர். 1954 டிசம்பர் 12இல் ஒளிபரப்பாகி நாடாளுமன்றம் வரை சர்ச்சை போனது. 16ஆம் தேதி நடிகர்கள் எல்லோரும் வந்து மறுபடி முழுதாக நடித்தார்கள். இன்று நாம் பார்ப்பது அந்த இரண்டாவது நடிப்பின் பதிவு.

ஐந்தாவதுக்கு வந்தவர் ஏழு பேர். வந்திருக்கவேண்டிய அமர்வு அது. குவாட்டர்மாஸைப் படமாக்கும் உரிமையை பிபிசி, ஹேமர் என்ற படத் தயாரிப்பு நிறுவனத்துக்கு விற்றது. படம் 1955இல் வெளியானது. சம்பளத்துக்கு எழுதியது என்பதால் விற்பனையில் நீலுக்குப் பங்கில்லை. நாயகனாகப் போட்ட அமெரிக்க நடிகரையும் அவருக்குக் கடைசிவரை பிடிக்கவில்லை. ஒப்பந்தம் முடிந்ததும் அவர் புதுப்பிக்கவில்லை. 1958 டிசம்பரில் தொடங்கிய 'குவாட்டர்மாஸ் அண்ட் தி பிட்' தொடரை வெளியாளாக எழுதினார். அதே கதை 1967இல் படமானபோது திரைக்கதையும் அவருடையதே. முதல் தொடருக்காக பிபிசி மனமுவந்து 3,000 பவுண்டு கொடுத்ததும் அதே 1967இல்தான். எழுதிப் பதினான்கு வருடம் கழித்து. நம்மில் எழுதுகிறவர்கள் ஒப்பந்தத்தில் முதலில் பார்க்கவேண்டியது தொகையை அல்ல, உரிமை யாரிடம் இருக்கிறது என்பதை.

ஆறாவதில் நீலின் 1979 குவாட்டர்மாஸ் தொடரைப் பார்த்தோம். தொலைக்காட்சிக்கு நான்கு பகுதி, வெளிநாட்டுத் திரையரங்குக்கு ஒரே படம் என்று இரண்டு நீளத்துக்கும் சேர்த்து எழுதியது. உருவினாலும் கதை சரியாமல் இருக்கும்படி சில கிளைகளை வைத்திருக்கிறார். உருவிய இடத்தை உறுப்பினர்களே கண்டுபிடித்தார்கள். ஒளிபரப்பிய ஐடிவி தொலைக்காட்சியில் நடந்த வேலைநிறுத்தத்தால் ஒளிபரப்பு அக்டோபர் வரை தள்ளிப்போனது. 'ஹாலோவீன் 3' படத்தில் தன் எழுத்தை மாற்றியதும் நீல் தன் பெயரையே எடுக்கச் சொன்னதைத் தேநீர் நேரத்தில் பேசினோம்.

வரவுசெலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார். வரவும் செலவும் ஏறத்தாழ ஒத்துப்போகின்றன. மண்டப வாடகை சற்று கூடுதல், சில்லறைச் செலவு வழக்கம்போல்.

சந்தா பற்றிச் சொல்லாமல் முடியாது. 48 உறுப்பினர்களில் 21 பேர் கட்டவில்லை. அவர்களில் ஒன்பது பேர் பொங்கலுக்குக் குடும்பத்தோடு வந்து சாப்பிட்டார்கள். அதில் எனக்கு மகிழ்ச்சியே. நினைவூட்டல் மூன்று முறை உறுப்பினர்களின் கைப்பேசிக் குழுவில் அனுப்பினேன். 'பார்க்கவில்லை' என்றவர்கள் அதே குழுவில் பொங்கல் படங்களுக்கு விருப்பம் போட்டிருக்கிறார்கள்.

மண்டபம் தந்தவர்களுக்கும், தேநீர் பொறுப்பேற்ற சகோதரிகளுக்கும், கணக்கைத் தணிக்கை செய்தவருக்கும் நன்றி.

வரும் ஆண்டில் நீலின் 1972 கிறிஸ்துமஸ் நாடகமான 'தி ஸ்டோன் டேப்', 1976இன் 'பீஸ்ட்ஸ்' தொடர் இரண்டையும் எடுக்கலாம் என்று எண்ணம். ப்ரொஜெக்டரின் விளக்கு மங்கிவிட்டது. இருண்ட காட்சிகளில் ஒன்றும் தெரியாது, இவை பெரும்பாலும் இருண்ட காட்சிகள். மண்டபத்துக்கு முன்பணம் ஜூலை 31க்குள் கட்டவேண்டும். செயலாளர் பதவிக்கு இதுவரை மனு எதுவும் வரவில்லை. நான் தொடர்வதா என்பதை அந்தத் தேதிக்குப் பிறகு சொல்கிறேன். ரசீதுப் புத்தகம் வாசல் மேசையில் பொருளாளரிடம் இருக்கிறது.